முதல் ஆள்: தெரியாது

கரம்பொன் அரியநாயகத்திடம் பிள்ளைப் பெயர் விசயமாகப் போகிறவர்கள் ஒன்றைத் தெரிந்துகொண்டு போவது நல்லது. அவர் பெயர் வைக்க மாட்டார். நீங்கள் கொண்டுபோகிற பெயரை உரசிப் பார்ப்பார், அவ்வளவுதான். சொல்லுகிற பொருள் சரியா, பெயர் எந்த மொழியிலிருந்து வந்தது, நம்முடைய யாழ்ப்பாணத் தீவுப் பக்கத்தில் அதை முதன்முதல் சுமந்த ஆள் யார் என்று பார்த்து ஒரு கொப்பியில் எழுதுவார். பிறகு சரி, பிழை, தெரியாது என்ற மூன்றில் ஒன்றைச் சொல்லி அனுப்புவார். பிள்ளை வடிவாய் இருக்குது என்றுகூட ஒரு சொல் வராது.

அப்படிப்பட்ட ஆளிடம் ஏன் போக வேண்டும், இணையத்தில் தட்டினால் வராதா என்று கேட்பீர்கள். வரும், வராமல் என்ன. எந்தப் பெயரைத் தட்டினாலும் அழகானவள், அறிவானவள், ஒளி பொருந்தியவள் என்ற மூன்றுக்குள் ஒன்று வந்து விழும். கனடாவிலிருந்து ஒருவர் தன் மகனுக்கு ஒரு பெயர் பார்த்துவிட்டு, இது இரண்டாயிரம் வருசத்துத் தமிழ்ப்பெயராம், சிங்கத்தின் துணிவு என்று பொருளாம், சரிதானே என்று கேட்டிருந்தார். அரியநாயகம் தேடிப் பார்த்துவிட்டு, இது தொண்ணூற்றாறில் வேலணைத் தகப்பன் ஒருவர் தன் பெயரில் பாதியையும் மனைவியின் பெயரில் பாதியையும் ஒட்டிச் செய்த பெயர், சிங்கத்துக்கும் இதற்கும் ஒரு சம்பந்தமுமில்லை என்று பதில் எழுதினார். கனடாக்காரர் இரண்டு வருசம் அவரோடு கதைக்கவில்லை. பிள்ளைக்கு அந்தப் பெயரைத்தான் வைத்தார் என்பது வேறு கதை.

இந்தத் தொழிலை அவர் தேடிப் போனவரல்ல. தகப்பனுக்குக் குருநாகலில் கடை இருந்தது. எண்பத்து மூன்று கலவரத்தில் கடையும் போய், சரக்கும் போய், உடுத்த சாரத்தோடு யாழ்ப்பாணம் வந்து சேர்ந்தபோது அரியநாயகத்துக்கு இருபத்திரண்டு வயது. பட்டணத்தில் ஓர் அச்சகத்தில் எழுத்துப் பிழை பார்க்கிற வேலை கிடைத்தது. அச்சகத்தின் சீவனோபாயமே கல்வெட்டுத்தான். கல்லில் வெட்டுகிற கல்வெட்டில்லை. ஒருவர் செத்து முப்பத்தோராம் நாள் கிருத்தியத்துக்கு வருகிறவர்களின் கையில் கொடுக்கிற புத்தகம். முன்மட்டையில் செத்தவரின் படம், உள்ளே தேவாரமும் புலம்பல் பாட்டும், கடைசியில் வம்சாவழி. பிள்ளைகள், மருமக்கள், பேரப்பிள்ளைகள் என்று ஒருவரும் விடுபடாமல் அதில் பெயர் வர வேண்டும். ஒரு பேரப்பிள்ளையின் பெயர் தவறினால் சாவீட்டுக் கோபம் முழுவதும் அச்சகத்து வாசலில் வந்து நிற்கும்.

ஆகவே கண்ணில் விளக்கெண்ணெய் விட்டுக்கொண்டு பெயர் பார்த்துப் பழகினார். பார்த்த புத்தகத்தில் ஒவ்வொரு பிரதியை எடுத்தும் வைத்தார். தொண்ணூற்றைந்து இடப்பெயர்வில் அதெல்லாவற்றையும் அச்சகத்துப் பின்னறையில் விட்டுவிட்டுப் போனார். திரும்பி வந்தபோது கறையான் தன் பங்கை எடுத்துக்கொண்டு மிச்சம் அறுநூற்றுச் சொச்சத்தை விட்டிருந்தது. அவை இப்போது கரம்பொன் வீட்டு அலுமாரியில் ஊர் ஊராகக் கட்டுக் கட்டாக இருக்கின்றன. உடுப்பு வைக்க இடமில்லாமல் அவருடைய மனைவி சரோஜினிதேவி தன் சேலைகளைப் பெட்டிக்குள் வைத்திருக்கிறார். செத்தவர்களின் புத்தகத்தில் பிறந்த பிள்ளைக்குப் பெயர் பார்க்கிற மனிசன் உலகத்திலேயே நீங்கள் ஒராள்தான் என்று அவர் சொல்வதுண்டு. அரியநாயகம் அதைப் பாராட்டாகவே எடுத்துக்கொள்வார்.

ஆனால் யோசித்துப் பாருங்கள், வேறு எங்கே போய்ப் பார்ப்பது? அகராதி பொருளைச் சொல்லும். ஒரு பெயர் எந்த வருசம், யாருடைய வீட்டுப் படியேறியது என்று எந்த அகராதி சொல்லும்? எண்பதுகளின் கல்வெட்டில் பேரப்பிள்ளைகளின் வரிசையில் ஒரு புதுப்பெயர் இருந்தால், அதுதான் அந்தப் பெயர் தீவுக்கு வந்த அடையாளம்.

போன வைகாசியில் மண்கும்பானிலிருந்து தர்சன் என்ற பொடியன் தொலைபேசி எடுத்தான். பொடியன் என்று பழக்கத்தில் சொல்லிவிட்டேன், முப்பத்திரண்டு வயது, வேலணையில் ஓர் அலுவலகத்தில் எழுதுவினைஞர். மனைவி வினோஜாவுக்குப் பெண்பிள்ளை பிறந்து பதினெட்டு நாள். சதய நட்சத்திரம், ‘சா’வில் பெயர் வர வேண்டும். இரண்டு பேரும் பார்த்துப் பார்த்து, சாம்பவி என்ற பெயரை எடுத்திருந்தார்கள். எல்லாருக்கும் பிடித்தது. தர்சனின் தாய் அன்னபூரணத்துக்கு மட்டும் பிடிக்கவில்லை.

அதுதான் அதிசயமான புதினம். அன்னபூரணம் வாய் காட்டுகிற மாமியாரல்ல. மருமகளுக்குப் பத்தியச் சரக்கு இடித்துக் கொடுத்து, பிள்ளையைக் குளிப்பாட்டி, சொன்னதற்கெல்லாம் ஓம் என்றவர். பெயரைச் சொன்னதும் முகம் மாறி, சாம்பவி என்றால் சாம்பல், பச்சைப் பிள்ளைக்குச் சாம்பல் என்றா பெயர் வைப்பார்கள் என்று ஒரேயடியாக நின்றுவிட்டார். அம்மனுடைய பெயர் மாமி என்று வினோஜா சொல்லிப் பார்த்தாள். படிச்ச ஆக்கள் சொல்லித்தான் சொல்லுறன் என்றார் அன்னபூரணம். எந்தப் படிச்ச ஆள் என்று கேட்டால் பிள்ளையின் துணி அலசப் போய்விடுவார். வினோஜாவுக்கு அழுகை. வீட்டில் சட்டி பானை மட்டும்தான் சத்தம் போட்டுக்கொண்டிருந்தது. ஐயா, நீங்கள் ஒரு முடிவைச் சொன்னால் அம்மா கேட்பா என்றான் தர்சன்.

பொருள் பார்க்க ஐந்து நிமிடம் போதும். சம்பு என்றால் சிவன், சாம்பவி அவனுடைய சக்தி. அரியநாயகம் முதல் ஆளைப் பார்க்க வினோஜாவின் ஊர் வேலணைக் கட்டையும் தர்சனின் ஊர் மண்கும்பான் கட்டையும் அவிழ்த்தார். தகப்பனின் ஊர், தாயின் ஊர், இந்த இரண்டையும் பார்ப்பதுதான் அவருடைய முறை. இரண்டிலும் இல்லை. அன்றைக்கே பதில் அனுப்பினார்: பொருள் சரி. வடமொழி. அம்மனின் பெயர். சாம்பலோடு தொடர்பில்லை. முதல் ஆள்: தெரியாது.

தர்சன் அதைத் தாய்க்குக் காட்டினான். காட்டியதோடு விட்டிருக்கலாம். இனியெண்டாலும் விசர்க்கதை கதையாமல் இருங்கோ என்று மனைவிக்கு முன்னால் சொல்லியும்விட்டான். அன்னபூரணம் எழும்பிக் குசினி அடுப்படிக்குப் போனார். தர்சன் முப்பத்தோராம் நாள் பெயர்வைப்புக்குப் பெயரெழுதிக் கேக் செய்யச் சொன்னான்.

அத்தோடு முடிந்திருக்க வேண்டிய அலுவல். அரியநாயகத்துக்குத்தான் முடியவில்லை. அறுநூறு புத்தகத்தை வைத்துக்கொண்டு ‘தெரியாது’ என்று எழுதியது பல்லில் அகப்பட்ட இறைச்சித் தும்பு மாதிரி உறுத்திக்கொண்டிருந்தது. நாலாம் நாள் முழு அலுமாரியையும் இறக்கினார். சரோஜினிதேவி வீடு கூட்ட வந்து, நிலமெல்லாம் செத்தவர்களின் படமாகக் கிடப்பதைக் கண்டு விளக்குமாற்றோடு திரும்பிப் போனார். பின்னேரம் சுருவில் என்ற ஊரின் கட்டுக்குள் அது அகப்பட்டது. எண்பத்தொன்பதாம் ஆண்டு, சுருவில் மார்க்கண்டு என்பவரின் கல்வெட்டு. மகள் அன்னபூரணம். மருமகன், தர்சனின் தகப்பன். அதன் கீழே பேரப்பிள்ளைகளின் வரிசையில் கடைசியாக, சாம்பவி.

அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துவிட்டு மறுபடியும் பார்த்தார். மண்கும்பானுக்கு வாழ்க்கைப்பட்ட அன்னபூரணம் சுருவிலில் பிறந்தவர். பிள்ளைக்குப் பெயர் பார்க்கும்போது தகப்பனின் தாய் பிறந்த ஊரை அவர் பார்த்ததேயில்லை. அதற்கு அவசியம் வந்ததுமில்லை. தர்சன் பிறந்தது தொண்ணூற்றிரண்டில். பின்னால் ஒரு தங்கை, இந்துஜா, சுவிசில் இருக்கிறாள். அவர்கள் இரண்டு பேர்தான் பிள்ளைகள் என்பது ஊரறிந்தது. அப்படியானால் எண்பத்தொன்பதில் அச்சில் இருக்கிற இந்தப் பிள்ளை எங்கே?

இதில் பெரிய மூளை ஒன்றும் தேவையில்லை. அரியநாயகம் தான் அனுப்பிய பதிலை எடுத்து வாசித்தார். ஒரு சொல்லும் பிழையில்லை. பிழையில்லாத அந்தப் பதில் ஒரு பொம்பிளையின் வாயை அடைத்துவிட்டது.

மனைவியிடம் சொன்னார். சும்மா கிடந்த சங்கை ஊதிக் கெடுத்த ஆண்டி மாதிரி இனிப் போய்த் தர்சனிட்டை சொல்லிப்போடாதேங்கோ என்றார் சரோஜினிதேவி. கொஞ்சம் யோசித்துவிட்டு, அந்த மனிசியிட்டைப் போங்கோ என்றார்.

அடுத்த நாள் தர்சன் வேலைக்குப் போயிருக்கும் நேரம் பார்த்து, பழைய மோட்டார் சைக்கிளில் மண்கும்பானுக்குப் போனார். வினோஜாவும் பிள்ளையும் உள்ளே நித்திரை. அன்னபூரணம் பின்பக்கத்தில் சுளகில் மல்லியும் மிளகும் காயவைத்துக் கொண்டிருந்தார். கதிரை கொண்டுவந்து போட்டார். அரியநாயகம் சுற்றிவளைக்கத் தெரியாதவர். புத்தகத்தைப் பையிலிருந்து எடுக்காமல், தங்கச்சி, உம்மடை ஐயாவின்ரை கல்வெட்டைக் கண்டனான் என்று மட்டும் சொன்னார்.

அன்னபூரணத்தின் கை சுளகில் நின்றுபோனது. 

“சாம்பல் எண்டு நான் சொன்னது பொய் அண்ணை. பேரிலை பிழையில்லை. ஐயா ஆசைப்பட்டு வைச்ச பேர்.”

பிறகு சொன்னதெல்லாம் தணிந்த குரலில், ஒரு கணக்கு ஒப்புவிப்பதைப்போல. தொண்ணூறாம் ஆண்டு ஆவணியில் ஆமி வருகுதென்று தீவுச் சனம் முழுக்க எழும்பி ஓடியபோது பிள்ளைக்கு மூன்று வயது ஆகவில்லை. யாழ்ப்பாணப் பக்கத்தில் ஒரு பள்ளிக்கூட மண்டபத்தில் பாயோடு பாயாகக் கிடந்தார்கள். நெருப்புக்காய்ச்சல் வந்து ஒன்பதாம் நாள் போய்விட்டாள். இரண்டு வருசத்தில் தர்சன் பிறந்தான். பச்சைப் பிள்ளை இருக்கிற வீட்டில் செத்த பிள்ளையின் பெயரைச் சொல்லக் கூடாது, இதன் உயிருக்கு ஆகாது என்று மாமியார் சொல்லிவிட்டார். அன்னபூரணமும் பயந்து வாயை மூடினார். அவன் வளரும்வரை என்று நினைத்த மூடல். அதற்குள் இந்துஜா பிறந்தாள், மறுபடி பச்சைப் பிள்ளை. பிறகு சொல்ல ஒரு நாள் வரவேயில்லை. புருசனும் சொல்லாமலே எட்டு வருசத்துக்கு முன்னால் போய்ச் சேர்ந்தார். தெரிந்த சனத்தில் செத்தது பாதி, வெளிநாடு போனது பாதி. அந்நாளில் குடியிருந்த சுருவில் வீட்டில் விட்டுவந்த படங்களும் பிறப்புச் சான்றிதழும் கூரையோடு போய்விட்டன.

“இப்ப போய்ச் சொன்னால், இவ்வளவு காலமும் ஏன் மறைச்சனியள் எண்டு கேப்பான். என்னத்தைச் சொல்லுறது? சொல்லாமல் விட்டால் நாளைக்கு வீடு வளவெல்லாம் அந்தப் பேரைச் சொல்லிக் கூப்பிடுவினம். நான் இந்த வீட்டிலை இருக்கேலாது அண்ணை.”

அன்னபூரணம் சுளகைத் தள்ளி வைத்தார். 

“நீங்கள் பிழை எண்டு ஒரு சொல்லு எழுதிவிடுங்கோ. நீங்கள் எழுதினால் அவை விட்டிடுவினம். வேறை ஒண்டும் வேண்டாம்.”

நாற்பது வருசமாக அந்த மனிசன் தெரிந்துகொண்டு ஒரு பிழையை விட்டதில்லை. காசு தருகிறோம், ஒரு நல்ல பொருளாய்ப் போட்டுத் தாருங்கோ என்று கேட்டவர்களை வாசல்வரை கொண்டுபோய் விட்டவர். ஊரில் வேறு பெருமையும் அவருக்குக் கிடையாது. காணியில்லை, பதவியில்லை, அரியநாயகம் சொன்னால் சரியாய்த்தான் இருக்கும் என்கிற அந்த ஒரு பெயர்தான். அது அவருக்கு உயிர். இருந்தும், எதிரே சுளகுக்குப் பக்கத்தில் குந்தியிருந்த அந்த மனிசியைப் பார்த்தபோது பெருமையைக் கொண்டுபோய்க் கடலில் போடலாம் போல இருந்தது. பொக்கற்றிலிருந்து கைத்தொலைபேசியை எடுத்தார். தர்சனின் பெயரைத் தட்டினார். மறுபடி பார்த்ததில் பொருள் பிழை என்று கண்டேன் என எழுதத் தொடங்கினார். 

எழுத்துத் தெளியவில்லை, கண்ணாடி தேவைப்பட்டது. கண்ணாடி பைக்குள். அதை எடுக்கும்போது புத்தகம் கூடவே வெளியே வந்தது. அன்னபூரணம் தகப்பனின் படத்தைக் கண்டு கையை நீட்டினார். அரியநாயகம் பக்கத்தைப் புரட்டி, அந்த வரிசை இருக்கிற இடத்தில் விரித்துக் கொடுத்தார்.

அன்னபூரணம் சேலைத் தலைப்பில் கையைத் துடைத்துவிட்டுத்தான் வாங்கினார். வரிசையில் விரலை வைத்து மேலிருந்து இறங்கினார். அக்காவின் பிள்ளைகள், அண்ணனின் பிள்ளைகள். கடைசிப் பெயரில் விரல் நின்றது.

“அச்சிலை இருக்குது” என்றார்.

“ஓம். நான்தான் எழுத்துப் பாத்தனான்.”

“முப்பத்துநாலு வருசம், அண்ணை. இந்தப் பேரை எழுதினபடி நான் ஓரிடமும் காணேல்லை. சிலவேளை நான் பெத்ததே பொய்யோ எண்டு யோசிப்பன்.”

 அரியநாயகம் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு தொலைபேசியைப் பார்த்தார். என்ன எழுதுறியள் என்று அன்னபூரணம் கேட்டார். நீர் கேட்டதைத்தான், சாம்பவி எண்ட பேர் பிழை எண்டு, என்றார் அவர்.

அன்னபூரணம் எட்டி அவருடைய கையைப் பிடித்துக்கொண்டார். வேற்று ஆம்பிளையின் கையைத் தொடுகிற வழக்கம் அவருக்குப் பிறந்ததிலிருந்தே கிடையாது.

“வேண்டாம் அண்ணை. என்ரை பிள்ளையின்ரை பேரைப் பிழை எண்டு எழுதாதேங்கோ.”

அரியநாயகம் எழுதியதை அழித்தார். அவர் அழித்து முடிக்கும்வரை அன்னபூரணம் கையை விடவில்லை. பிறகு, இந்தப் புத்தகத்தைப் பின்னேரம்வரை வைச்சிருக்கலாமோ என்று கேட்டார். அலுமாரியிலிருந்து ஒரு புத்தகத்தையும் அரியநாயகம் வெளியே கொடுத்ததில்லை. வைச்சிரும் என்று சொல்லிவிட்டு மோட்டார் சைக்கிளை உதைத்தார். அது நாலாம் உதைக்குத்தான் எழும்பியது.

அன்றைக்குப் பின்னேரம் அந்த வீட்டில் என்ன நடந்தது என்பதை அரியநாயகம் கேட்கவில்லை, எனக்கும் முழுக்கத் தெரியாது. வினோஜா சொல்லித் தெரிந்தது இவ்வளவுதான். தர்சன் வேலையால் வந்து சப்பாத்தைக்கூடக் கழற்றாமல் தாய் விரித்துக் காட்டிய அந்தப் பக்கத்தைப் பார்த்துக்கொண்டு நின்றான். முதலில் கோபப்பட்டான். எனக்கு ஒரு அக்கா இருந்ததை எனக்கு ஏன் சொல்லேல்லை என்று சத்தமும் போட்டான். பிறகு தாயின் மடியில் தலையை வைத்துப் படுத்துவிட்டான். கேக்குக்காரனுக்குத் தொலைபேசி எடுத்து, பெயரை எழுத வேண்டாம் என்று சொன்னது வினோஜாதான். அதே பெயரை வைப்போமா, விடுவோமா என்று தர்சன் கேட்டதற்கு, அந்தப் பேர் அவளோடை இருக்கட்டும் என்றார் அன்னபூரணம். இரண்டு நாள் கழித்து, சாருமதி என்ற பெயர் அரியநாயகத்திடம் வந்தது. பொருள் சரி என்று அனுப்பினார்.

பிள்ளை பிறந்து முப்பத்தோராம் நாள் ஐயர் வந்து புண்ணியாகம் தெளித்து, துடக்கு என்கிற பிறப்புத் தீட்டைக் கழித்தார். தர்சன் பிள்ளையின் காதில் மூன்று தரம் பெயரைச் சொன்னான். அரியநாயகமும் சரோஜினிதேவியும் சொல்லியனுப்பியதால் போயிருந்தார்கள். சாப்பாட்டுக்குப் பிறகு வினோஜாவின் பெரியம்மா, கனடாவிலிருந்து வந்தவர், விறாந்தையில் இருந்து குடும்ப விவரம் எழுதிக்கொண்டிருந்தார். அங்கே இருக்கிற பிள்ளைகளுக்குச் சொந்தம் விளங்க வேண்டுமாம். சம்பந்தி வீட்டுப் பக்கம் வந்தபோது பேனையைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு, தம்பி, நீங்கள் சகோதரங்கள் ரெண்டு பேர்தானே என்று தர்சனைக் கேட்டார்.

“இல்லை பெரியம்மா, மூண்டு பேர். மூத்தவ சாம்பவி. எழுதுங்கோ.”

குசினிக்குள் பாயசம் வார்த்துக்கொண்டிருந்த அன்னபூரணத்துக்கு அது கேட்டது. அகப்பையை வைத்துவிட்டுச் சுவரைப் பிடித்துக்கொண்டு அழுதார். ஆரோ பார்க்கிறார்கள் என்று முகத்தை மூடவுமில்லை. பிறகு முகத்தைக் கழுவிக்கொண்டு வெளியே வந்து, பெரியம்மாவுக்குப் பக்கத்தில் இருந்து, அவள் எண்பத்தேழாம் ஆண்டு ஐப்பசி பதினோராந் திகதி விடியக்காலை பிறந்தவள், அதையும் எழுதுங்கோ என்றார்.